காட்டிலிருந்து வராத குரல்

சென்ற வாரம் மோரிப் கடற்கரையில் நிறுத்தினோம். 1945 செப்டம்பர் 9. ஜப்பான் சரணடைந்த பிறகு வந்திறங்கிய பிரிட்டிஷ் படையின் வண்டிகள் சேற்றில் புதைந்து நின்ற கதை அது. அங்கிருந்து கரையை ஒட்டியே வடக்கே வந்தால் கேரி தீவு. லங்காட் ஆறு சுற்றி வளைத்துத் தனியாக்கிய சதுப்பு நிலம். மாமெரி பூர்வகுடிகளின் ஊர். எட்வர்ட் வாலன்டைன் கேரி என்ற ஆங்கிலேயத் துரையின் பெயரைச் சுமந்துகொண்டு, முதலில் ரப்பராகவும் பிறகு செம்பனையாகவும் மாறிய தோட்டம். இன்று பாலத்தில் வண்டி ஏறி இறங்கினால் தீவுக்குள் வந்துவிட்டோம் என்றுகூடத் தெரியாது.

தீவின் மண்ணைப் பற்றிப் பல வாரம் பேசியாகிவிட்டது. இந்த வாரம் அதன் தலைக்கு மேலே போன சிற்றலையைப் பற்றிப் பேசலாம்.

1969 நவம்பர் 15. மே 13 கலவரம் நடந்து ஆறு மாதம்தான் ஆகியிருந்தது. நாடாளுமன்றம் முடங்கிக் கிடந்தது. நாடு அவசரகாலச் சட்டத்தின் கீழ் இருந்தது. அன்றுதான் ஒரு புதிய நிலையம் ஒலிக்கத் தொடங்கியது. பெயர் 'சுவாரா ரெவொலூசி மலாயா', அதாவது மலாயாப் புரட்சியின் குரல். மலாயா கம்யூனிஸ்டுக் கட்சியின் வானொலி. மலாய், மாண்டரின், தமிழ், ஆங்கிலம் என நான்கு மொழிகளிலும் பேசியது. தமிழுக்கு இடம் கொடுத்ததே அது யாரைத் தேடி வந்தது என்பதைச் சொல்லிவிடும். நாட்டில் தமிழ் பேசியவர்களில் பெரும்பகுதியினர் அப்போது தோட்ட லயங்களில்தான் இருந்தார்கள்.

அந்த லயங்களின் நிலை அன்று எப்படி இருந்தது என்பதையும் நினைத்துக்கொள்ளுங்கள். 1968இல் வந்த வேலைக் கட்டுப்பாட்டுச் சட்டம், குடியுரிமை இல்லாதவர்கள் வேலை செய்ய அனுமதிச் சீட்டு வாங்க வேண்டும் என்றது. மூன்று தலைமுறையாகப் பால் மரம் சீவிய குடும்பத்தில் அப்பாவிடம் குடியுரிமை இல்லாதவருக்கான சிவப்பு அடையாள அட்டை, மகனிடம் குடிமகனுக்கான நீல அட்டை. சிவப்பு அட்டைக்காரரின் வேலை திடீரென்று கேள்விக்குறியானது. சுமார் 60,000 பேர் தமிழ்நாட்டுக்குக் கப்பல் ஏறினார்கள். பெரிய தோட்டங்களைத் துண்டு போட்டு விற்ற காலத்தின் காயமும் ஆறவில்லை. மனக்குறையைத் தேடி அலையும் எந்த வானொலிக்கும் இதைவிட நல்ல வேளை வாய்த்திருக்காது.

ஆனால் ரேடியோவைச் சுற்றிய சண்டை இந்த மண்ணுக்கு அப்போது புதிதல்ல. அதற்கு முன்னால் மூன்று சுற்று நடந்து முடிந்திருந்தது.

முதல் சுற்று ஜப்பான்காரன் காலம். சிற்றலையில் பிபிசி கேட்பது குற்றம். பேராக்கில் பாப்பான் என்ற சின்ன ஊரில் மருந்தகம் நடத்திய சிபில் கார்த்திகேசுவைப் பல வாசகர்கள் அறிவார்கள். யூரேசியப் பெண்மணி; கணவர் டாக்டர் கார்த்திகேசு இலங்கைத் தமிழர். காட்டிலிருந்து ரகசியமாக வந்த கெரில்லாக்களுக்கு மருத்துவம் பார்த்தார். வீட்டுக்குள் ஒரு ரேடியோவை ஒளித்து வைத்து அதற்கு 'ஜோசபின்' என்று பெயர் சூட்டியிருந்தார். 1943இல் ஜப்பானிய ராணுவப் போலீசான கெம்பித்தாய் பிடித்துக்கொண்டு போனபோது அவர் மீதான குற்றச்சாட்டுகளில் அந்த ரேடியோவும் ஒன்று. அவர் பட்ட சித்திரவதை இங்கே வேண்டாம். போருக்குப் பின் பிரிட்டன் அவருக்கு ஜார்ஜ் பதக்கம் கொடுத்தது. காயங்களிலிருந்து மீளாமலே 1948 ஜூனில் இறந்துபோனார். அவர் இறந்த அதே மாதத்தில்தான் இரண்டாம் சுற்று ஆரம்பமாகிறது. சிபில் மருந்து போட்ட அதே கெரில்லாக்கள் இப்போது பிரிட்டிஷாருக்குப் பயங்கரவாதிகள்.

1948 ஜூன் 18இல் மலாயா முழுவதும் அவசரகாலம். ஜூலை 23இல் கம்யூனிஸ்டுக் கட்சிக்குத் தடை. அகில மலாயாத் தொழிற்சங்கக் கூட்டமைப்பின் முதல் தலைவராக இருந்த எஸ். ஏ. கணபதி, துப்பாக்கி வைத்திருந்தார் என்ற குற்றத்துக்காக 1949 மே 4இல் புடு சிறையில் தூக்கிலிடப்பட்டார். தஞ்சாவூர் மண்ணில் பிறந்தவர். அவருடைய கதைக்கு இந்தத் தொடரில் தனி அத்தியாயம் உண்டு.

கேரி தீவு இருக்கும் கோலலங்காட் வட்டாரத்துச் சதுப்புக் காடு இந்தச் சண்டையில் பெயர் போனது. 'காஜாங் தாடிக்காரன்' என்று பத்திரிகைகள் எழுதிய லியூ கோன் கிம் என்ற கெரில்லாத் தலைவனை, மாதக்கணக்காகத் தேடிய சஃபோக் படைப்பிரிவு 1952 ஜூலையில் சுட்டுக் கொன்றது அந்தக் காட்டில்தான்.

அந்தச் சுற்றில் ரேடியோ முழுக்க அரசாங்கத்தின் பக்கம் இருந்தது என்பதைக் கவனிக்க வேண்டும். கட்சியிடம் இருந்தவை ஸ்டென்சில் வெட்டிச் சுற்றிய தாள்கள். அரசாங்கத்திடமோ மலாயா வானொலி இருந்தது. பிபிசியிலிருந்து ஹியூ கார்ல்டன் கிரீனை 1950இல் வரவழைத்துப் பிரசாரத் துறையை ஒப்படைத்தார்கள். பின்னாளில் பிபிசிக்கே தலைமை இயக்குநரானவர். புதுக்கிராமங்களிலும் தோட்டங்களிலும் எல்லாரும் கூடிக் கேட்கப் பொது ரேடியோப் பெட்டிகள் வைக்கப்பட்டன. சொந்தமாக ரேடியோ வாங்க வழியில்லாத தொழிலாளிக்குத் தமிழ் நிகழ்ச்சி அந்தப் பெட்டி வழியாகத்தான் வந்தது: பாட்டு, செய்தி, நடுவே சரணடைந்தவர்களின் வாக்குமூலம். காட்டுக்கு மேலே விமானத்தில் ஒலிபெருக்கி கட்டிப் பறந்து, சரணடையச் சொல்லிக் கூவினார்கள். அதுவும் பிரசாரம்தான். சட்டம் அதற்கு வேறு பெயர் வைத்திருந்தது, அவ்வளவே.

மூன்றாம் சுற்றாக, அறுபதுகளில் சுக்கார்னோவின் இந்தோனேசியா மலேசியாவை நசுக்குவோம் என்று முழங்கியது. கேரி தீவுக்கு எதிர்க்கரை சுமத்ரா. அக்கரைப் பேச்சு இக்கரையில் சர்வ சாதாரணமாகக் கேட்கும். கோலாலம்பூர் பதிலுக்கு 1963 பிப்ரவரி 15இல் 'சுவாரா மலேசியா' வெளிநாட்டுச் சேவையைத் தொடங்கியது. வானொலிக்கு வானொலியால் பதில் சொன்ன கட்டம் இது. 1966இல் சண்டை ஓய்ந்தது; அக்கரைக் குரலும் தணிந்தது.

1969இல் வந்த குரல் வேறு மாதிரி. மலாயாப் புரட்சியின் குரல் என்று பெயர் சொல்லிக்கொண்டதால், தாய்லாந்து எல்லைக் காட்டில் எங்கோ ஒரு குகைக்குள் மின்னாக்கியை ஓட்டிக்கொண்டு பேசுகிறார்கள் என்று கேட்பவர் கற்பனை செய்துகொள்ள முடிந்தது. உண்மையில் நிலையம் இருந்தது ஏறக்குறைய 3,000 கிலோமீட்டர் தள்ளி, சீனாவின் ஹுனான் மாநிலத்தில், யியாங் அருகே ஒரு மலைப்பகுதியில். கட்டடமும் கருவியும் மின்சாரமும் சீனத்துடையவை. பேசியவர்கள் மலாயாவிலிருந்து போய்ச் சேர்ந்தவர்கள். கட்சியின் பொதுச் செயலாளர் சின் பெங்கே 1961இல் பெய்ஜிங் போய்ச் சேர்ந்துவிட்டிருந்தார். மலாயா தேசிய விடுதலைக் கழகம் என்ற பெயரில் 1966இல் பெய்ஜிங்கில் திறந்த அலுவலகத்துக்குத் தலைவராக இருந்தவர் பி. வி. சர்மா, சிங்கப்பூரில் ஆசிரியர் சங்கம் நடத்தி, சிறைவைக்கப்பட்டு, நாடு கடத்தப்பட்டவர்.

அத்தனை தூரத்துப் பேச்சு எப்படி இங்கே விழுந்தது? சிற்றலை நேரே போய்க் காதில் விழுவதில்லை. வானத்தின் மேலடுக்கில் மோதித் திரும்பி, ஆயிரம் கல் தள்ளி மண்ணைத் தொடும். இரவில் இன்னும் நன்றாக வரும். அந்தக் காலத்து வால்வு ரேடியோவில் ஒரு நிலையத்தைப் பிடிப்பது கைவேலை. சுவிட்சைப் போட்டதும் பேசாது. உள்ளே வால்வு சூடாகிப் பச்சைக் கண் மின்னும்வரை காத்திருக்க வேண்டும். கூரையிலிருந்து பக்கத்து மரத்துக்கு ஏரியல் கம்பி இழுத்திருப்பார்கள். குமிழைத் திருகினால் விசில், கரகரப்பு, மோர்ஸ் தந்தி, நடுவே இலங்கை வானொலியின் பாட்டு, அதைத் தாண்டி ஆகாசவாணி. முள் ஒரு மயிரிழை நகர்ந்தால் முன்பின் அறியாத ஒரு குரல் தமிழில் பேசும். பத்து நிமிடத்தில் அலை மங்கும், மறுபடி எழும். லயத்துச் சுவரோ ஒற்றைப் பலகை. பக்கத்து வீட்டில் இருமினால் இங்கே கேட்கும். கேட்பவர் சத்தத்தைக் குறைத்துக்கொண்டுதான் ஆக வேண்டும்.

இனி சட்டத்துக்கு வருவோம்.

பழைய அவசரகாலம் 1960 ஜூலை 31இல் முடிந்தது. மறுநாளே, ஆகஸ்டு 1இல், உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டம் அமலுக்கு வந்தது. நாம் 'இசா' என்று சொல்லிப் பழகியது. 60 நாள் விசாரணைக் காவல். பிறகு அமைச்சர் கையெழுத்தில் இரண்டாண்டுத் தடுப்புக்காவல். அதையும் புதுப்பித்துக்கொண்டே போகலாம். நாசவேலைப் பிரசுரங்களை அச்சிடுவது, விற்பது, கையில் வைத்திருப்பது எல்லாம் குற்றம். ரேடியோவில் கேட்டதை ஒருவர் பள்ளி நோட்டில் எழுதி வைத்தால் அந்த நோட்டே ஆவணமாகிவிடும். காற்றில் போன சொல்லுக்குச் சாட்சி கிடையாது, தாளுக்கு உண்டு.

1970களில் இந்தச் சட்டத்தின் கை நன்றாகவே நீண்டது. அதற்குக் காரணம் இல்லாமலும் இல்லை. 1968 ஜூனில் குரோ - பெத்தோங் சாலையில் 17 பாதுகாப்புப் படையினரைச் சுட்டுக் கொன்று கட்சி இரண்டாவது போரைத் தொடங்கியிருந்தது. 1974 ஜூனில் நாட்டின் காவல்துறைத் தலைவரையே கோலாலம்பூர் நடுத்தெருவில் கொன்றார்கள். 1975 ஆகஸ்டில் தேசிய நினைவுச்சின்னத்துக்குக் குண்டு வைத்தார்கள். வானொலி பேசியது, துப்பாக்கி சுட்டது, இரண்டும் ஒரே கட்சியின் கைகள். பேச்சுதானே என்று ஒதுக்கிவிட முடியாது. 1994இல் ருவாண்டாவில் ஆர்டிஎல்எம் என்ற வானொலி கொலையாளிகளை உசுப்பிவிட்டதையும், அதற்காக 2003 டிசம்பரில் பன்னாட்டுத் தீர்ப்பாயம் அதன் நிறுவனர்களில் இருவரைத் தண்டித்ததையும் பார்த்த தலைமுறை நாம்.

அங்கே தண்டனை பெற்றவர்கள் வானொலி நடத்தியவர்கள். கோலாலம்பூர் நீதிமன்றம் எதுவும் ஹுனானில் மைக் முன்னால் உட்கார்ந்திருந்தவரைக் கூண்டில் ஏற்ற முடியாது. கைக்கு எட்டியவர் தோட்டத்திலும் பட்டணத்திலும் கேட்டுக்கொண்டிருந்தவர்தான். இந்தச் சிக்கலைப் பழைய உலகம் இரண்டு விதமாகத் தீர்க்கப் பார்த்திருக்கிறது. ஹிட்லரின் ஜெர்மனி, போர் தொடங்கிய 1939 செப்டம்பர் 1ஆம் தேதியே அந்நிய வானொலி கேட்பதைக் குற்றமாக்கியது. கேட்ட செய்தியைப் பரப்பினால் மரண தண்டனைவரை போகலாம். பிரிட்டனில் அப்படிச் சட்டம் வரவில்லை. பெர்லினிலிருந்து ஆங்கிலத்தில் நையாண்டி செய்த வில்லியம் ஜாய்ஸை, 'லார்ட் ஹாஹா' என்று பெயர் வைத்துச் சிரித்துக்கொண்டே வீட்டுக்கு வீடு கேட்டார்கள். போர் முடிந்ததும் ஆளைப் பிடித்துவந்து 1946 ஜனவரி 3இல் தூக்கில் போட்டார்கள். அதே பிரிட்டன் குடியேற்ற நாட்டுக்கு வந்தால் மாதிரி மாறிவிடும். மலாயாவில் அவர்கள் எழுதி வைத்துப் போன அவசரகால விதிகளின் பிள்ளைதான் இசா.

மூன்றாவது வழி ஒன்றும் இருந்தது. 1936 செப்டம்பர் 23இல் ஜெனீவாவில் உலக நாடுகள் சங்கம் ஒரு வானொலி உடன்படிக்கை போட்டது. ஒரு நாட்டின் மக்களைக் கலகத்துக்குத் தூண்டும் ஒலிபரப்பை இன்னொரு நாடு தன் மண்ணிலிருந்து அனுமதிக்கக்கூடாது என்பது அதன் முதல் விதி. அருமையான விதி. ஜெர்மனி, இத்தாலி, ஜப்பான் மூன்றும் சேரவில்லை. யாருக்காக எழுதினார்களோ அவர்களே வராத விருந்து.

அந்த விதி எதுவும் ஹுனானைத் தொடவில்லை. 1974 மே 31இல் பிரதமர் துன் ரசாக் பெய்ஜிங்கில் கையெழுத்துப் போட்டு, ஆசியானில் முதல் நாடாக மலேசியா சீனாவோடு தூதரக உறவு கொண்டது. ஒருவர் உள்விவகாரத்தில் மற்றவர் தலையிடுவதில்லை என்று கூட்டறிக்கை சொன்னது. வானொலி மட்டும் நிற்கவில்லை. அரசாங்கத்துக்கு அரசாங்கம் உறவு வேறு, கட்சிக்குக் கட்சி உறவு வேறு என்பது சீனத்தின் பதில். ஒரு கையால் மாலை போட்டுக்கொண்டே மறுகையால் குமிழைத் திருகிவிடும் சாமர்த்தியம். பிரிக்ஃபீல்ட்ஸுக்கு அருகே 1968இல் எழுந்த அங்காசாபுரியிலிருந்து நம் வானொலி தமிழில் நற்செய்தி சொல்லிக்கொண்டிருந்த அதே இரவுகளில், ஹுனானும் தமிழில் வேறு செய்தி சொல்லிக்கொண்டிருந்தது.

பதினோரு ஆண்டு மலேசியச் சட்டம் செய்ய முடியாததைக் கம்போடியா செய்தது என்பது என் வாதம்.

1978 நவம்பரில் சீனத் தலைவர் டெங் சியாவ்பிங் தாய்லாந்து, மலேசியா, சிங்கப்பூர் என்று சுற்றுப்பயணம் வந்தார். வியட்நாமுக்கு எதிராக ஆசியானைத் தன் பக்கம் சேர்க்க வேண்டும், அதுதான் நோக்கம். சிங்கப்பூரில் பிரதமர் லீ குவான் யூ அவரிடம் ஒளிவுமறைவில்லாமல் பேசினார்: எங்கள் அக்கம்பக்கத்தார் வியட்நாமைவிட உங்களைப் பார்த்துத்தான் பயப்படுகிறார்கள், தென்சீனாவிலிருந்து வரும் இந்த ஒலிபரப்புகளே அதற்குக் காரணம், அவற்றை நிறுத்துங்கள். லீயின் நினைவுக் குறிப்புகளில் உள்ளது இது. டெங் அன்று வாக்குக் கொடுக்கவில்லை. அடுத்த மாதமே வியட்நாம் கம்போடியாவுக்குள் புகுந்தது. பொல் பொட் ஆட்சி விழுந்தது. ஐ.நா.வில் கம்போடியாவின் நாற்காலியை வியட்நாம் வைத்த ஆட்சிக்குக் கொடுக்காமல் காக்க ஆசியான் வாக்குகள் பெய்ஜிங்குக்குக் கட்டாயம் தேவைப்பட்டன.

1980 டிசம்பரில் டெங் சின் பெங்கைக் கூப்பிட்டு அனுப்பினார். வானொலியை நிறுத்திவிடுங்கள் என்றார். எப்போது என்று கேட்டதற்கு, எவ்வளவு சீக்கிரமோ அவ்வளவு நல்லது என்று பதில் வந்ததாகச் சின் பெங் 2003இல் வெளியிட்ட தன் நூலில் எழுதுகிறார். இதில் அவருக்கு உறுத்திய ஒன்று உண்டு. 1961இல் அவர் பெய்ஜிங் வந்த புதிதில், ஆயுதப் போராட்டத்தைக் கைவிட எண்ணியிருந்த கட்சியை, விடாதீர்கள், காலம் கனிகிறது என்று தட்டிக்கொடுத்தவரும் இதே டெங்தான். ஏற்றிவிட்டவரே ஏணியை எடுத்துக்கொண்டு போனார்.

1981 ஜூன் 30இல் நிலையம் வாய் மூடியது. அடுத்த பதினாறாம் நாள், ஜூலை 16இல், மகாதீர் பிரதமரானார். ஆகஸ்டில் சீனப் பிரதமர் சாவ் சியாங் கோலாலம்பூர் வந்து விருந்துண்டார். துங்கு, ரசாக், உசேன் ஓன் என மூன்று பிரதமர்களுக்குத் தொல்லை கொடுத்த குரல் நான்காமவரின் முதல் நாளைக்கூடப் பார்க்கவில்லை.

கட்சி சும்மா இருக்கவில்லை. இந்த முறை நிஜமாகவே தென்தாய்லாந்துக் காட்டுப் பக்கத்திலிருந்து, 'சுவாரா டெமோக்ராசி மலாயா' என்ற புதுப் பெயரில் பேசியது. புரட்சி போய் ஜனநாயகம் வந்ததைக் கவனியுங்கள். காட்டுக்குள் இருந்த வானொலியை எட்ட ஹுனான் அளவுக்கு அரசியல் தேவைப்படவில்லை. ஆனால் அதற்குள் கேட்கவும் அவ்வளவு ஆளில்லை. 1989 டிசம்பர் 2இல் ஹாட்யாயில் மலேசியாவும் தாய்லாந்தும் கட்சியும் சமாதான ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன. அத்தோடு அந்த வானொலியின் கதையும் முடிந்தது.

தோட்டத்தில் அந்தத் தமிழ்க் குரல் ஏன் பெரிய அலையாக எழவில்லை என்று பலர் கேட்பதுண்டு. கணபதிக்குப் பிறகு தோட்டத்துக்குள் கம்யூனிஸ்டுச் சங்கம் வேர்விட முடியாதபடி நிலம் கொத்திச் சமன்படுத்தப்பட்டிருந்தது. அந்த இடத்தைத் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் 1954இலிருந்து நிரப்பியிருந்தது. சிவப்பு அட்டைக்காரருக்கோ, இசாவைவிடப் பக்கத்தில் நின்ற பயம் கப்பல் பயணச்சீட்டு. காட்டில் போய்ச் சேர்ந்துகொள் என்று சொல்லும் ரேடியோவைவிட, வேலை அனுமதிப் பாரத்தை நிரப்பித் தரும் கிராணிதான் அவருக்கு அன்று வேண்டியிருந்தவர்.

இசா 2012இல் விலக்கப்பட்டது. அந்த இடத்துக்கு சொஸ்மா எனப்படும் பாதுகாப்புக் குற்றங்கள் (சிறப்பு நடவடிக்கைகள்) சட்டம் வந்தது. தண்டனைச் சட்டத்தில் 130ஜேபி என்ற புதுப் பிரிவும் பிறகு வந்தது. பயங்கரவாதக் குழுவோடு தொடர்புடைய பொருளை வைத்திருப்பது குற்றம் என்கிறது அது. பழைய நோட்டுப் புத்தகத்தின் இடத்தில் இப்போது கைப்பேசி. 2014இல் விடுதலைப் புலிகள் இயக்கத்தை மலேசியா பயங்கரவாதப் பட்டியலில் சேர்த்தது. 2009இலேயே இலங்கையில் ஒழிக்கப்பட்டுவிட்ட இயக்கம். 2019 அக்டோபரில், இரண்டு சட்டமன்ற உறுப்பினர்கள் உள்பட 12 தமிழர்களை அந்த இயக்கத்தின் பெயரால் கைது செய்தார்கள். குற்றச்சாட்டுகளில் சில, கைப்பேசியிலும் முகநூலிலும் இருந்த படங்களைப் பற்றியவை.

2020 பிப்ரவரி 21இல் சட்டத்துறைத் தலைவர் டோமி தாமஸ் எல்லா வழக்குகளையும் கைவிட்டார். தங்கள் நாயகர்களின் படத்தைக் கைப்பேசியில் வைத்திருப்பவர்கள் உலகில் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள், அந்த நாயகர்களை மற்றவர்கள் பயங்கரவாதிகளாகக் கருதலாம் என்று அவருடைய அறிக்கை சொன்னது. எடுத்துக்காட்டாக அவர் சொன்ன மூன்று பெயர்கள் ஸ்டாலின், சே குவேரா, மாவோ. மாவோ பிறந்தது ஹுனானில். எழுபதுகளில் அவர் படத்தைப் பெட்டிக்குள் வைத்திருந்த தோட்டத் தொழிலாளிக்காக இப்படி வாதாட ஒரு சட்டத்துறைத் தலைவர் இருக்கவில்லை.

(தொடரும்)